ஹிட்லருக்கு முன்பே விதைத்தவர்கள்

ஜெர்மன் பாசிசம் எங்கிருந்து வந்தது?

"இந்த நாட்டுக்கு ஒரு ஹிட்லர் வந்தால்தான் சரிப்படும்" என்று சொல்பவர்களை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். மின்சார ரயிலில் சொல்வார்கள், ரேஷன் கடை வரிசையில் சொல்வார்கள். சொல்பவர் பெரும்பாலும் நல்ல மனிதராகவே இருப்பார். ஒழுங்கு வேண்டும், லஞ்சம் ஒழிய வேண்டும் என்பதுதான் அவருடைய ஆதங்கம். ஹிட்லர் எழுதிய 'மெயின் காம்ப்' நூல் நம் நகரங்களின் நடைபாதைக் கடைகளில், தன்னம்பிக்கை நூல்களின் பக்கத்திலேயே விற்பனைக்குக் கிடக்கிறது. அந்த நூலில் அவர் இந்திய விடுதலைக்குப் பாடுபட்டவர்களை ஏளனம் செய்திருக்கிறார். இந்தியா பிரிட்டிஷார் கையில் இருப்பதையே தாம் விரும்புவதாகவும் எழுதியிருக்கிறார். வாங்குபவர்களில் எத்தனை பேர் அந்தப் பக்கம் வரை படிக்கிறார்கள் என்பது சந்தேகமே.

1933 ஜனவரி 30-ஆம் தேதி ஹிட்லர் ஜெர்மனியின் சான்சலராகப் பதவியேற்றார். பன்னிரண்டு ஆண்டுகளில் ஐரோப்பா சுடுகாடாயிற்று. யூதர்கள் மட்டுமே சுமார் 60 லட்சம் பேர் கொல்லப்பட்டனர். இதற்குப் பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம், ஒரு பைத்தியக்காரன் ஒரு நாட்டை ஏமாற்றிவிட்டான் என்பது. ஆனால் அது எழுத்தறிவற்ற நாடு அல்லவே! காண்ட்டும் கதேயும் பீத்தோவனும் பிறந்த நாடு. 1933 வரை உலகிலேயே அதிக நோபல் பரிசுகளைப் பெற்றிருந்த நாடு. அப்படிப்பட்ட நாட்டில் ஒரு பைத்தியக்காரனின் பேச்சு எடுபட்டது என்றால், அந்தப் பேச்சு அங்குள்ளவர்களுக்கு ஏற்கெனவே பழகிய பேச்சாக இருந்திருக்க வேண்டும். உண்மையும் அதுதான். ஹிட்லர் சொந்தமாகக் கண்டுபிடித்தது மிகக் குறைவு. அவர் பொறுக்கி எடுத்த சரக்கு நூறாண்டுகளுக்கு மேலாகப் பேராசிரியர்களும் பாதிரியார்களும் இசை மேதைகளும் மருத்துவர்களும் சேர்த்து வைத்தது.

நெப்போலியன் கொடுத்த அடி

கதை 1806-இல் தொடங்குகிறது. அப்போது ஜெர்மனி என்று ஒரு நாடே இல்லை. ஜெர்மன் மொழி பேசும் பல அரசுகள் தனித்தனியாக இருந்தன. அவற்றில் பெரியவற்றுள் ஒன்றான பிரஷியாவை அந்த ஆண்டு ஜேனா போரில் நெப்போலியன் முறியடித்தான். பிரெஞ்சுப் படை பெர்லினுக்குள் நுழைந்தது.

அந்த அவமானத்தின் நடுவே, 1807-08 குளிர்காலத்தில், பிக்டே என்ற தத்துவப் பேராசிரியர் பெர்லினில் தொடர் சொற்பொழிவுகள் நிகழ்த்தினார். ஜெர்மன் மொழி மூலமொழி, உயிருள்ள மொழி. அதைப் பேசும் மக்களுக்கு உலகில் தனிக் கடமை உண்டு என்பது அவருடைய வாதம். அவருக்கு முன்பே ஹெர்டர் என்ற அறிஞர், ஒவ்வொரு மக்களுக்கும் அவர்களுடைய மொழியிலும் நாட்டுப் பாடல்களிலும் வெளிப்படும் தனி ஆன்மா உண்டு என்று எழுதியிருந்தார். ஹெர்டர் எந்த மக்களையும் தாழ்த்தவில்லை. எல்லா மக்களுக்கும் அந்த ஆன்மா உண்டு என்றார். அடிபட்ட நாட்டில் அந்தக் கருத்து மெல்ல மாறியது. எல்லோருக்கும் ஆன்மா உண்டு என்பது போய், நம்முடையதுதான் உயர்ந்தது என்றாயிற்று.

மொழிப் பற்று குற்றமில்லை. அது நமக்கும் உண்டு. அது எந்த இடத்தில் திரும்புகிறது என்பதைத்தான் கவனிக்க வேண்டும். 1817 அக்டோபரில் வார்ட்பர்க் கோட்டையில் ஜெர்மன் மாணவர்கள் சில நூறு பேர் கூடினார்கள். சுதந்திரம், ஒற்றுமை என்று முழங்கிய அதே கூட்டத்தில், பிடிக்காத நூல்களின் பெயர்களை வாசித்து நெருப்பில் போட்டார்கள். அவற்றில் ஒன்று சவுல் ஆஷர் என்ற யூத எழுத்தாளர் எழுதியது. ஜெர்மன் மோகம் வெறியாக மாறுகிறது என்று எச்சரித்த நூல் அது. எச்சரித்தவரின் நூலும் நெருப்புக்கு இரையாயிற்று.

1848-இல் மக்களாட்சி வழியில் ஜெர்மனியை ஒன்றாக்க நடந்த முயற்சி தோற்றது. 1871-இல் பிஸ்மார்க் அதைப் போர்களின் மூலம் சாதித்தார். வாக்குப் பெட்டியால் முடியாதது பீரங்கியால் முடிந்தது என்ற பாடம் படித்த வர்க்கத்தின் மனதில் ஆழமாகப் பதிந்தது.

மொழியிலிருந்து ரத்தத்துக்கு

'ஆரியர்' என்ற சொல் ஜெர்மனிக்குப் போன கதை நம் நாட்டோடு சம்பந்தப்பட்டது. 1786-இல் கல்கத்தாவில் நீதிபதியாக இருந்த வில்லியம் ஜோன்ஸ், சமஸ்கிருதம், கிரேக்கம், லத்தீன் ஆகியவை ஒரே மூலத்திலிருந்து வந்திருக்க வேண்டும் என்று அறிவித்தார். இது மொழி ஆராய்ச்சி. ஜெர்மன் அறிஞர்கள் இதில் பெரும் ஈடுபாடு காட்டினார்கள். மொழிக் குடும்பத்துக்கு 'ஆரிய' என்ற பெயர் புழக்கத்துக்கு வந்தது.

ஒரே குடும்ப மொழிகளைப் பேசினால் ஒரே ரத்தம் என்று பொருளாகாது. இன்று இங்கிலீஷ் பேசுகிறவர்கள் எல்லாம் இங்கிலாந்துக்காரர்களா? ஆயினும் பலர் அந்தத் தவறான தாவலைச் செய்தார்கள். பிரான்ஸ் நாட்டு ராஜதந்திரியான கோபினோ, 1853 முதல் 1855 வரை மனித இனங்களின் ஏற்றத்தாழ்வு பற்றி ஒரு பெரிய நூலை வெளியிட்டார். நாகரிகங்களை உண்டாக்கியது ஆரிய ரத்தம், அந்த ரத்தம் கலந்தபோது அவை அழிந்தன என்பது அவருடைய கட்சி. சொந்த நாட்டில் அவ்வளவாக மதிக்கப்படாத அந்த நூலுக்கு ஜெர்மனியில் 1894-இல் ஒரு சங்கமே தோன்றியது.

அடுத்தவர் ஹூஸ்டன் ஸ்டூவர்ட் சேம்பர்லேன். இவர் பிரிட்டிஷ் கடற்படைத் தளபதியின் மகன். ஜெர்மனிமீது மோகம் கொண்டு அங்கேயே தங்கியவர். இசை மேதை வாக்னரின் மகளை மணந்தவர். 1899-இல் இவர் எழுதிய நூல், ஐரோப்பிய சரித்திரம் முழுவதையும் ஜெர்மானிய இனத்துக்கும் யூத இனத்துக்கும் இடையே நடந்த போராட்டமாகச் சித்தரித்தது. கைசர் இரண்டாம் வில்லியம் இதை வியந்து பாராட்டினார். 1923-இல் ஹிட்லர் இந்தக் கிழவரை நேரில் வந்து வணங்கிச் சென்றார்.

இது பொய் என்று அந்தக் காலத்திலேயே சொன்ன ஜெர்மானியர்கள் இருந்தார்கள். வேதங்களைப் பதிப்பித்த மாக்ஸ் முல்லர், ஆரியம் என்பது மொழிக்கு உரிய சொல், மண்டை ஓட்டுக்கும் ரத்தத்துக்கும் அதைப் பொருத்துவது அபத்தம் என்று 1888-இல் எழுதினார். பெர்லின் மருத்துவ மேதை விர்ஷோ ஒரு படி மேலே போய்க் கணக்கே எடுத்தார். ஜெர்மன் பள்ளிக் குழந்தைகள் 67 லட்சம் பேரின் தலைமுடி, கண், தோல் நிறங்களைப் பதிவு செய்து 1886-இல் முடிவை வெளியிட்டார். பொன்னிற முடி, நீலக் கண், வெள்ளைத் தோல் என்ற 'தூய' அடையாளம் மூன்றில் ஒரு பங்குக் குழந்தைகளுக்குக் கூட இல்லை. யூதக் குழந்தைகளிலோ நூற்றுக்கு 11 பேருக்கு அந்த அடையாளம் இருந்தது. இதைவிடத் தெளிவான பதில் வேண்டுமா? ஆனால் புள்ளிவிவரத்தை யார் படிக்கிறார்கள்? பெருமை பேசும் நூல்தான் விற்றது.

பழைய வெறுப்புக்குப் புதுச் சட்டை

யூதர்மீது வெறுப்பு ஐரோப்பாவில் புதிதல்ல. ஏசுவைக் கொன்றவர்கள் என்ற பழி பல நூற்றாண்டுகளாக அவர்கள்மீது சுமத்தப்பட்டு வந்தது. கிறிஸ்தவ மதச் சீர்திருத்தம் செய்த மார்ட்டின் லூதரே 1543-இல் யூதர்களைக் கடுமையாகத் தாக்கி ஒரு நூல் எழுதினார். ஆயினும் அந்த வெறுப்புக்கு ஒரு கதவு திறந்திருந்தது. மதம் மாறினால் யூதன் யூதனாக இருக்கமாட்டான்.

1871-இல் ஒன்றான ஜெர்மனியில் யூதர்களுக்குச் சம உரிமை கிடைத்தது. இரண்டே ஆண்டில், 1873-இல், பங்குச் சந்தை சரிந்தது. கைத்தொழில் செய்தவர்களும் சிறு வியாபாரிகளும் நொடித்துப் போனார்கள். யார் காரணம் என்ற கேள்வி எழுந்தது. 1879-இல் வில்ஹெல்ம் மார் என்ற பத்திரிகைக்காரர், யூதர்களை எதிர்ப்பது மத விஷயமல்ல, இன விஷயம் என்று பிரசுரம் வெளியிட்டு ஒரு சங்கமும் தொடங்கினார். 'ஆன்ட்டிசெமிட்டிசம்' என்ற சொல் பரவியது அப்போதுதான். பழைய கதவு இதனால் மூடப்பட்டது. மதத்தை மாற்றிக்கொள்ளலாம், பிறப்பை மாற்றிக்கொள்ள முடியாது.

தெருமுனைப் பேச்சோடு நின்றிருந்தால் இது பெரிதாகப் பரவியிருக்காது. அதே 1879-இல் பெர்லின் பல்கலைக்கழகத்தின் புகழ்பெற்ற சரித்திரப் பேராசிரியர் டிரைட்ஷ்கே, யூதர்களைத் தேசத்தின் துரதிருஷ்டமாக வர்ணித்து ஒரு கட்டுரை எழுதினார். பிற்காலத்தில் நாஜிப் பத்திரிகை ஒன்று அவருடைய வாக்கியத்தையே முதல் பக்கத்தில் தொடர்ந்து அச்சிட்டது. அவருடன் பணியாற்றிய இன்னொரு பேராசிரியர், ரோமாபுரி வரலாற்றுக்காகப் பின்னாளில் நோபல் பரிசு பெற்ற மொம்சன், இதைக் கண்டித்து எழுதினார். மரியாதைக்குரிய மனிதர் ஒருவர் வாயிலிருந்து வந்ததால் வெறுப்பு வெட்கத்தை இழந்துவிட்டது என்பதே மொம்சனின் கவலை. இசை மேதை வாக்னர் 1850-இல் புனைபெயரில் எழுதிய யூத எதிர்ப்புக் கட்டுரையை 1869-இல் தம் சொந்தப் பெயரிலேயே வெளியிட்டதும் அந்த வெட்கம் குறைந்து வந்ததற்கு ஓர் அடையாளம்.

யூத எதிர்ப்புக் கட்சிகள் 1893 தேர்தலில் 16 இடங்களைப் பிடித்தன. பிறகு தேய்ந்தன. அதைப் பார்த்து விஷம் இறங்கிவிட்டது என்று பலர் நினைத்தார்கள். உண்மையில் 1892-லேயே பெரிய கட்சியான கன்சர்வேட்டிவ் கட்சி அந்தக் கொள்கையைத் தன் திட்டத்தில் சேர்த்துக்கொண்டிருந்தது. கட்சி செத்தது, கொள்கை வீடு மாறியது. இத்தனைக்கும் ஜெர்மனியில் யூதர்கள் நூற்றுக்கு ஒருவர்தான். 1933-இல் அதுவும் இல்லை.

விஞ்ஞானத்தின் பெயரால்

1859-இல் டார்வின் உயிரினங்களின் தோற்றம் பற்றித் தம் கொள்கையை வெளியிட்டார். மிருகங்களுக்கும் தாவரங்களுக்கும் சொன்னதை மனித சமுதாயத்துக்கு இழுத்துப் பொருத்தியவர்கள் வேறு பலர். இங்கிலாந்தில் கால்ட்டன் 1883-இல் 'யூஜெனிக்ஸ்' என்ற சொல்லை உருவாக்கினார். நல்ல விதையைப் பெருக்கி, மட்ட விதையைக் கழிப்பது போல மனிதர்களையும் செய்யலாம் என்பது அதன் சாரம். ஜெர்மனியில் பிளோட்ஸ் என்ற மருத்துவர் 1895-இல் இதற்கு 'இனச் சுகாதாரம்' என்று பெயரிட்டார். 1905-இல் பெர்லினில் அதற்கென்று சங்கம் அமைந்தது.

இது ஜெர்மனிக்கு மட்டும் உரிய நோயல்ல என்பதையும் சொல்ல வேண்டும். அமெரிக்காவில் இந்தியானா மாநிலம் 1907-லேயே கட்டாயக் கருத்தடைச் சட்டம் கொண்டுவந்தது. 1927-இல் அமெரிக்க சுப்ரீம் கோர்ட் அத்தகைய சட்டம் செல்லும் என்று தீர்ப்பளித்தது. நாஜிகள் அந்த முன்மாதிரிகளைப் படித்தார்கள்.

ஆப்பிரிக்காவில் ஜெர்மனி ஆண்ட தென்மேற்குக் காலனியில் - இன்றைய நமீபியாவில் - 1904 முதல் 1908 வரை ஹெரேரோ, நாமா மக்கள் ஆயிரக்கணக்கில் பாலைவனத்துக்கு விரட்டியும் முகாம்களில் அடைத்தும் கொல்லப்பட்டார்கள். அதே காலனியில் 1908-இல் ஓய்கன் பிஷர் என்ற விஞ்ஞானி கலப்பினக் குடும்பங்களை அளந்து ஆராய்ச்சி செய்தார். அவர் பின்னாளில் பெர்லினில் 1927-இல் தொடங்கிய மனித இனவியல் ஆராய்ச்சிக் கழகத்தின் தலைவரானார்.

1920-இல் பிண்டிங் என்ற சட்ட மேதையும் ஹோக்கே என்ற மனநோய் மருத்துவரும் சேர்ந்து ஒரு சிறு நூல் எழுதினார்கள். வாழத் தகுதியற்ற உயிர்களை அழிக்க அனுமதிக்கலாம் என்பது அதன் வாதம். அதில் ஆஸ்பத்திரிச் செலவுக் கணக்கும் உண்டு. அப்போது ஹிட்லர் யாரென்று மியூனிக் நகருக்கு வெளியே ஒருவருக்கும் தெரியாது. 1933 ஜூலை 14-ஆம் தேதி கட்டாயக் கருத்தடைச் சட்டம் வந்தது. சுமார் 4 லட்சம் பேருக்கு அந்த அறுவை நடந்தது. 1939 முதல் 1941-க்குள் மனநோயாளிகளும் ஊனமுற்றோருமாக 70,000-க்கு மேற்பட்டவர்கள் விஷவாயுவால் கொல்லப்பட்டனர். விஷவாயு அறைகள் முதலில் கட்டப்பட்டது மருத்துவர்களின் மேற்பார்வையில்தான்.

நீட்சே குற்றவாளியா?

பாசிசத்தின் தந்தை என்று தத்துவஞானி நீட்சேயைக் காட்டுவது வழக்கம். 'அதிமனிதன்' என்ற சொல்லும் அவருடையதுதான். அவர் எழுத்தில் ஏழைக்கும் எளியவனுக்கும் இரங்குவதைப் பழிக்கும் பகுதிகள் உண்டு என்பது உண்மை. ஆனால் அவர் யூத எதிர்ப்பாளர்களை வெறுத்தார். ஜெர்மன் தேசியப் பெருமையைக் கிண்டல் செய்தார். அவருடைய தங்கை எலிசபெத் மணந்த பெர்ன்ஹார்ட் பர்ஸ்டர், பராகுவே நாட்டில் 'தூய' ஜெர்மானியக் குடியேற்றம் அமைக்கப் போய்த் தோற்ற யூத எதிர்ப்பாளர். அண்ணனுக்கு அந்தக் கல்யாணமே பிடிக்கவில்லை.

1889-இல் நீட்சேயின் மனநிலை பிறழ்ந்தது. 1900-இல் இறந்தார். அவர் வெளியிடாத குறிப்புகளைத் தங்கையின் மேற்பார்வையில் தொகுத்து 1901-இல் ஒரு நூலாகக் கொண்டுவந்தார்கள். தங்கை நாஜிகளுக்கு வேண்டியவரானார். 1935-இல் அவருடைய இறுதிச் சடங்குக்கு ஹிட்லரே வந்தார். ஓர் எழுத்தாளன் இறந்த பிறகு அவன் பெயரை யார் கையில் எடுக்கிறார்கள் என்பதும் சரித்திரத்தில் ஒரு பங்கு வகிக்கிறது.

தோல்வியும் ஒரு பொய்யும்

இத்தனை சரக்கும் 1914 வரை அலமாரியில்தான் இருந்தது. அதைத் தெருவுக்குக் கொண்டுவந்தது முதல் உலகப் போரில் ஏற்பட்ட தோல்வி. 1918 செப்டம்பர் 29-இல், இனித் தாங்காது, உடனே போர்நிறுத்தம் கேளுங்கள் என்று அரசாங்கத்தை வற்புறுத்தியவர் படைத் தலைவர் லூடன்டார்ப். கையெழுத்திடும் பொறுப்பு மட்டும் ஜனநாயகக் கட்சிக்காரர்கள் தலையில் விழுந்தது. 1919 நவம்பரில் தளபதி ஹிண்டன்பர்க் விசாரணைக் குழுவின் முன், படை தோற்கவில்லை, பின்னாலிருந்து முதுகில் குத்தப்பட்டது என்று சொன்னார். குத்தியது யார்? யூதர்களும் சோஷலிஸ்டுகளும் என்று தெருவில் பதில் தயாராக இருந்தது.

உண்மைக் கணக்கு வேறு. போரில் சுமார் 1 லட்சம் ஜெர்மன் யூதர்கள் பணிபுரிந்தார்கள். அவர்களில் 12,000 பேர் உயிர் துறந்தார்கள். 1916-இல், யூதர்கள் போர்முனைக்குப் போகாமல் நழுவுகிறார்களா என்று போர் அமைச்சகம் தனிக் கணக்கெடுப்பு நடத்தியது. முடிவைப் போர் முடியும்வரை வெளியிடவில்லை. வெளியிடாத கணக்கு, பொய்யான கணக்கைவிட மோசமானது. ஆளுக்கொரு கதை கட்ட அது இடம் கொடுத்தது.

அந்தச் சமயத்தில் ரஷ்யாவிலிருந்து இன்னொரு பொய்யும் வந்து சேர்ந்தது. யூதப் பெரியவர்கள் கூடி உலகை ஆளச் சதி செய்ததற்கு ஆதாரம் என்ற பெயரில் 1903-இல் ரஷ்யாவில் வெளியான ஒரு போலி ஆவணம், 1920-இல் ஜெர்மன் மொழியில் வந்தது. 1864-இல் பிரெஞ்சு மன்னன் மூன்றாம் நெப்போலியனைக் கிண்டல் செய்து எழுதப்பட்ட ஒரு நூலிலிருந்து அது காப்பியடிக்கப்பட்டது என்று 1921-இல் லண்டன் 'டைம்ஸ்' பத்திரிகை ஆதாரத்தோடு நிரூபித்தது. மூல நூலில் யூதர் என்ற பேச்சே கிடையாது. நிரூபித்து என்ன பயன்? 1922 ஜூன் 24-ஆம் தேதி, வெளிநாட்டு அமைச்சர் ராத்தனாவ் பெர்லின் வீதியில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் யூதர். போர்க்காலத்தில் ஜெர்மனியின் மூலப்பொருள் விநியோகத்தைக் கட்டி அமைத்தவர். அவரும் அந்தச் சதிக் கூட்டத்தில் ஒருவர் என்ற பேச்சு கொலைகாரர்கள் மத்தியில் இருந்தது.

கண்ணியமான அறிஞர்களும் குடியரசைக் கைவிட்டார்கள். மேற்கு நாகரிகம் அஸ்தமிக்கிறது என்று ஸ்பெங்ளர் 1918-இல் எழுதிய தடித்த நூல் மளமளவென்று விற்றது. 1923-இல் மோலர் வான் டென் புரூக் என்பவர் எழுதிய நூலின் தலைப்பு 'மூன்றாவது ரைக்'. நாஜிகள் அந்தத் தலைப்பையே எடுத்துக்கொண்டார்கள். புவியியல் பேராசிரியர் ராட்செல் பிரபலமாக்கிய 'வாழ்விடம்' என்ற கருத்தை, முன்னாள் தளபதி ஹவுஸ்ஹோபர் மியூனிக்கில் மாணவர்களுக்குப் போதித்தார். அவர்களில் ஒருவன் ருடால்ப் ஹெஸ். 1924-இல் ஹிட்லருடன் சிறையிலிருந்த ஹெஸ்ஸைப் பேராசிரியர் போய்ப் பார்த்துப் பேசினார். பெருகும் இனத்துக்குக் கிழக்கே நிலம் வேண்டும் என்ற பேச்சு 'மெயின் காம்ப்' நூலில் ஏறியது. அந்தப் பேராசிரியரின் மகன் ஆல்பிரெக்ட் பின்னாளில் ஹிட்லரை எதிர்த்தவர்களோடு சேர்ந்து சிறைப்பட்டு, 1945 ஏப்ரலில் எஸ்.எஸ். படையினரால் சுட்டுக் கொல்லப்பட்டார். அடுத்த ஆண்டு தந்தை தற்கொலை செய்துகொண்டார்.

அலமாரியிலிருந்து ஆட்சிக்கு

1919 செப்டம்பரில் ஹிட்லர் சேர்ந்தபோது அது மியூனிக்கில் ஒரு சின்னஞ்சிறு கட்சி. 1923-இல் ஒரு டாலருக்கு 4 லட்சம் கோடி மார்க்குக்கு மேல் கொடுக்க வேண்டிய நிலை வந்தது. ஆயுள் முழுவதும் சேர்த்த சேமிப்பு ஒரு ரொட்டிக்குப் போதவில்லை. அந்த நவம்பரில் ஹிட்லர் நடத்திய கலகம் தோற்றது. 5 ஆண்டு தண்டனை பெற்றவர் 1924 டிசம்பரிலேயே வெளியே வந்தார். நீதிபதிகள் அவரை ஒரு தேசபக்தராகவே பார்த்தார்கள்.

பொருளாதாரம் சற்றுத் தேறிய 1928-இல் நாஜிக் கட்சிக்குக் கிடைத்தது 2.6 சதவீத வாக்குகளே. 1929-இல் உலக மந்தம் வந்தது. 1930-இல் 18.3 சதவீதம். வேலையில்லாதோர் 60 லட்சத்தை எட்டிய 1932-இல், ஜூலைத் தேர்தலில் 37 சதவீதம். நூல்களைப் படித்துவிட்டு யாரும் ஹிட்லருக்கு வாக்களிக்கவில்லை. பசியும் பயமும் வாக்களித்தன. ஆனால் பசித்தவன் யாரைக் குற்றவாளி என்று சுட்டுவது என்பதை அந்த நூல்கள் ஏற்கெனவே முடிவு செய்து வைத்திருந்தன.

இன்னொன்றும் நினைவில் இருக்க வேண்டும். 1932 நவம்பரில் நாஜிகளின் வாக்கு 33 சதவீதமாகக் குறைந்தது. இறங்கிக்கொண்டிருந்த மனிதரைத் தூக்கி நாற்காலியில் உட்கார வைத்தவர்கள் பாப்பனும் ஹிண்டன்பர்க்கும். கட்டுப்படுத்தி வேலை வாங்கலாம் என்று பாப்பன் நம்பினார். 1933 மார்ச் 23-இல் சர்வ அதிகாரச் சட்டம் நாடாளுமன்றத்தில் வந்தபோது, வெளியே சீருடைக்காரர்கள் சூழ்ந்து நிற்க, எதிர்த்து வாக்களித்தவர்கள் 94 பேர். அத்தனை பேரும் சோஷல் டெமாக்ரட் கட்சியினர். கம்யூனிஸ்டு உறுப்பினர்கள் ஏற்கெனவே சிறையிலோ தலைமறைவாகவோ இருந்தார்கள்.

படித்தவர்கள் என்ன செய்தார்கள்? நாடு தழுவிய மாணவர் சங்கத்தை நாஜிகள் 1931-லேயே, அதாவது ஆட்சிக்கு வருவதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, கைப்பற்றிவிட்டார்கள். 1933 மே 10-ஆம் தேதி பல்கலைக்கழக நகரங்களில் நூல்களைக் கொளுத்தியவர்கள் ரௌடிகள் அல்ல, மாணவர்கள். தத்துவ மேதை ஹைடெக்கர் அந்த மே முதல் தேதி கட்சியில் சேர்ந்தார். சட்ட மேதை கார்ல் ஷ்மிட்டும் அதே சமயத்தில் சேர்ந்தார். 1934 ஜூனில் ஹிட்லர் விசாரணையின்றிப் பலரைக் கொன்றபோது, தலைவரே சட்டத்தின் காவலர் என்று கட்டுரை எழுதி நியாயம் சொன்னார் ஷ்மிட்.

ரயில் கட்டணம்

ரயில்வேயில் கணக்கெழுதிப் பிழைக்கும் என் போன்றவனுக்கு இந்தச் சரித்திரத்தில் மனத்தை அதிகம் உறுத்துவது வேறொரு பகுதி. யூதர்களை மரண முகாம்களுக்கு ஏற்றிச் சென்றது ஜெர்மன் அரசு ரயில்வே. அதற்குக் கட்டணம் வசூலித்தது. மூன்றாம் வகுப்பு, ஒரு வழி மட்டும், கிலோமீட்டருக்கு ஆளுக்கு 4 பெனிக். பத்து வயதுக்கு உட்பட்ட குழந்தைக்கு அரை டிக்கெட். நான்கு வயதுக்கு உட்பட்டால் இலவசம். 400 பேருக்கு மேல் சேர்ந்தால் கூட்டுப் பயணச் சலுகையாகப் பாதிக் கட்டணம். காவலர்களுக்கு மட்டும் திரும்பி வரவும் டிக்கெட் உண்டு. ஏற்றியதோ பெரும்பாலும் கூட்ஸ் வேகன்களில்.

1942 ஜூலை 22 முதல் வார்சாவிலிருந்து டிரெப்ளிங்காவுக்குத் தினம் ஒரு ரயில், 5,000 யூதர்கள் என்று ரயில்வேயின் உயர் அதிகாரி கான்சன்முல்லர் எஸ்.எஸ். தலைமைக்கு எழுதிய கடிதம் இன்றும் இருக்கிறது. நம் ஆபீஸ்களில் தினமும் போய்வரும் கடிதங்களைப் போலவே இருக்கிறது அதன் தோரணை. 1973-இல் அவர்மீது வழக்கு நடந்தது. உடல்நலக் குறைவால் விசாரணை நின்றது. 1996-இல் அவர் இறந்தார்.

அந்தக் கட்டணப் பட்டியலைச் சரிபார்த்த குமாஸ்தா கோபினோவைப் படித்திருக்க மாட்டார், டிரைட்ஷ்கேயைக் கேள்விப்பட்டிருக்கவும் மாட்டார். அவர் படிக்க வேண்டிய அவசியமே இல்லை. அவருடைய ஆசிரியர் படித்திருந்தார், ஊர்ப் பாதிரியார் படித்திருந்தார், குடும்ப டாக்டர் படித்திருந்தார். ஏறியவர்கள் மனிதக் கணக்கில் சேராதவர்கள் என்பது அவர் காதில் விழுந்து விழுந்து வெறும் வழக்கமாகியிருந்தது. சித்தாந்தம் வெற்றி பெற்றது என்பதற்கு அதுதான் அடையாளம். முழக்கமாக இருக்கும்வரை அதை எதிர்க்கலாம். வழக்கமாகிவிட்டால் எதிர்க்க யாருக்கும் தோன்றாது.

அந்தச் சித்தாந்தம் எவ்வளவு பொய் என்பதற்கும் ஒரு சாட்சி உண்டு. நாஜிகள் கொன்றவர்களில் ஜிப்ஸிகள் எனப்படும் ரோமா மக்களும் இருந்தார்கள். குறைந்தது 2 லட்சம். சில கணக்குகளின்படி 5 லட்சம் வரை. இந்தியாவிலிருந்து பல நூற்றாண்டுகளுக்கு முன் புறப்பட்டுப் போனவர்கள் அவர்கள். அவர்கள் பேசும் ரோமானி மொழி இந்திக்கும் பஞ்சாபிக்கும் உறவு. மொழிக் கணக்கில் பார்த்தால் ஐரோப்பாவில் 'ஆரியர்' என்ற பெயருக்கு அவர்களைவிட உரிமை உள்ளவர் யார்? அந்தப் பெயராலேயே அவர்கள் அழிக்கப்பட்டார்கள்.

ஊர் விட்டு ஊர் வந்து பிழைக்கும் நமக்கு இதில் படிக்க வேண்டியது உண்டு. வெளியாரால்தான் வேலை போயிற்று என்ற பேச்சு நம்மைக் குறிவைத்து எழும்போது நமக்கு வலிக்கிறது. நம் சொந்த மாநிலத்தில் கட்டட வேலைக்கு வரும் வடநாட்டுத் தொழிலாளியைப் பற்றி அதே பேச்சு எழும்போது நாம் என்ன சொல்கிறோம்? பேச்சு ஒன்றுதான், ஆள்தான் மாறுகிறது. மொம்சனும் விர்ஷோவும் செய்தது போல அந்த இடத்திலேயே, அந்த நேரத்திலேயே மறுத்துச் சொல்ல வேண்டும். ஜெர்மனியில் அப்படிச் சொன்னவர்கள் இருந்தார்கள். போதுமான எண்ணிக்கையில் இல்லை.